ரயில்ல எதிர் சீட்டுப் பையன்

*நம்ம வீடு* குழு

முரளி: நேத்து ஒரு அயர்லாந்து குறும்படம் பாத்தேன். ‘சிக்ஸ் ஷூட்டர்’. 2004ல வந்தது, அரை மணி நேரம்கூட இல்ல. இன்னும் மண்டைக்குள்ளயே ஓடுது.

சுதா அக்கா: யார் எடுத்தது?

முரளி: மார்ட்டின் மெக்டொனா. நாடகம் எழுதிட்டு இருந்தவர் க்கா, எடுத்த முதல் படமே இதுதான். 2006ல ஆஸ்கார் கிடைச்சுது.

சித்தப்பா: கதை என்னடா?

முரளி: ஒருத்தர் ஆஸ்பத்திரில மனைவியப் பறிகொடுத்துட்டு ரயில்ல வீட்டுக்குத் திரும்புறார். ப்ரெண்டன் க்ளீசன் நடிச்சிருக்கார். எதிர் சீட்ல ஒரு பையன், வாய் ஓயவே மாட்டேங்குது. பக்கத்துல ஒரு புருஷன் பொண்டாட்டி, கைக்குழந்தை தொட்டில்லயே இறந்துபோன துக்கத்துல இருக்காங்க. அவங்களையே சீண்டுறான்.

சுதா அக்கா: கடவுளே. இதுல காமெடி எங்க வருது?

முரளி: அவன் பேச்சுலதான். சந்தையில வயிறு உப்பிப்போன ஒரு மாட்டுக் கதை சொல்வான், குத்தி காத்த வெளிய விட்டு நெருப்பு வச்ச கதை. விழுந்து விழுந்து சிரிச்சேன்.

சித்தப்பா: குத்தி விடுறது நெசம்தான்டா. உப்புசம் முத்திட்டா மாட்டு டாக்டர் இடது பக்க வயித்துலதான் குத்துவார். அந்தக் காத்து தீப்பிடிக்கும்.

முரளி: அப்படியா சித்தப்பா! நான் கட்டுக்கதைன்னு நெனச்சேன்.

முரளி: ஆனா க்கா, அவன் பேச்சுக்கு சிரிச்சு முடிக்கல, அந்த அம்மா முகத்தக் காட்டுறாங்க. சிரிச்சதுக்கே மனசு ஒரு மாதிரி ஆயிடுது. பையன் கேலி பண்றான், படம் அவங்க துக்கத்த ஒரு இடத்துலயும் கேலி பண்ணல. எனக்கு அதுதான் ரொம்பப் பிடிச்சுது. க்ளீசன் பாவம், அதிகம் பேசவே மாட்டார். தன் துக்கத்த ஓரமா வச்சுட்டு அவனுக்குக் காது கொடுத்துட்டு இருப்பார்.

சித்தப்பா: ரெண்டு அறை விட ஆளில்லையா?

முரளி: அவன் ஏன் அப்படி இருக்கான்னு பின்னாடி தெரியும் சித்தப்பா. சொல்லிட்டா படம் போச்சு.

சுதா அக்கா: ஞாயித்துக்கிழமை டிவில போட்டு எல்லாருமா பாக்கலாம். பெரியம்மாவும் வர்றாங்க.

முரளி: பெரியம்மா இருக்கும்போது வேண்டாம் க்கா, ப்ளீஸ். பெரியப்பா தவறி இன்னும் வருஷம் திரும்பல. படம் ஆரம்பிக்கிறதே ஆஸ்பத்திரி கட்டில்லதான். மனைவிகிட்ட அவங்க வளர்த்த முயலோட போட்டோவ வச்சுட்டு வருவார். என்னாலயே தாங்க முடியல.

சுதா அக்கா: ஐயோ, ஆமா. அவங்க ஊருக்குக் கிளம்பினதும் பாத்துக்கலாம். ஹரிணி பாக்கலாமா? பத்தாவதுதான் படிக்கிறா.

முரளி: வேண்டாம் க்கா. துப்பாக்கி, ரத்தம், கெட்ட வார்த்தை எல்லாம் இருக்கு. முடிவும் ரொம்பக் கனம். அவ தூங்கினப்புறம் நீங்களும் மாமாவும் பாருங்க.

சித்தப்பா: எனக்கு இப்பவே அனுப்பு. சப்டைட்டில் இருக்கிறதா பாத்து அனுப்பு, அவங்க இங்கிலீஷ் எனக்குப் பிடிபடாது.