லாந்திமோஸ் படங்கள்ல எத மொதல்ல பார்க்க?

கொட்டகலை_கேமரா:
எல்லாருக்கும் வணக்கம். போன கெழம 'புவர் திங்ஸ்' பார்த்தேன், தல சுத்திருச்சு. டைரக்டர் யோர்கோஸ் லாந்திமோஸ் கிரேக்க நாட்டுக்காரராம், இவ்ளோ பெரிய செட்டு எம்மா ஸ்டோன் எல்லாம் வச்சி எடுக்குற ஆளு எப்டி ஆரம்பிச்சாரு? நாங்க தோட்டத்துல மூணு நாலு பேரு சேர்ந்து போன்லயே ஒரு குறும்படம் எடுக்கலாம்னு கதைச்சிக்கிட்டு இருக்கோம், கையில காசு இல்ல, அதான் கேக்குறேன்.

பண்டாரவளை_சேர்:
தம்பி, பழசுல இருந்து வாங்க. 1973ல ஏதென்ஸ்ல பொறந்தவரு, அங்கயே ஃபிலிம் ஸ்கூல், பொறகு வருஷக்கணக்கா விளம்பரம், மியூசிக் வீடியோன்னு வயித்துப்பாடு, 2004 ஒலிம்பிக் தொடக்க விழா குழுவுல கூட இருந்திருக்காரு. 2001ல இன்னொருத்தரோட சேர்ந்து ஒரு காமெடி படம், 2005ல தனியா 'கினெட்டா'. ஒலகம் கவனிச்சது 2009 'டாக்டூத்' வந்த பொறகுதான். வளர்ந்து ஆளான மூணு பிள்ளைங்கள கேட்ட தாண்ட விடாத அப்பா அம்மா, பெரும்பாலும் ஒரே வீடு, உயரமா ஒரு வேலி, இத வச்சே கான் திரைப்பட விழாவுல 'அன் சர்ட்டன் ரிகார்ட்'ங்கிற பிரிவோட பரிசு வாங்கி ஆஸ்கார் நாமினேஷன் வரைக்கும் போச்சு. அத பாருங்க.

நானுஓயா_அக்கா:
சேர் முக்கியமானத சொல்லாம விட்டுட்டாரு 😂 தம்பி, அத அம்மா அப்பாவ பக்கத்துல வச்சிக்கிட்டு போட்டுறாதீங்க, ஹெட்போன் போட்டாலும் ஸ்கிரீன் தெரியும்ல.

மஸ்கெலியா_மழை:
காசு இல்லாம எடுத்தாருங்கிறத விட எழுத ஒரு கூட்டாளி இருந்தாருங்கிறதுதான் எனக்கு பெருசா தெரியுது. எஃப்திமிஸ் ஃபிலிப்பு. டாக்டூத், 'ஆல்ப்ஸ்', 'லாப்ஸ்டர்', 'சேக்ரட் டீர்' எல்லாம் ரெண்டு பேரும் சேர்ந்து எழுதினது, ஆல்ப்ஸுக்கு 2011ல வெனிஸ் பட விழாவுல திரைக்கதை பரிசு, சேக்ரட் டீருக்கு 2017ல கான்ல. 'ஃபேவரிட்', புவர் திங்ஸ் ரெண்டுலயும் ஃபிலிப்பு இல்ல, டோனி மெக்னமாரா வந்துட்டாரு, அதான் ரெண்டும் லேசா எறங்குது. 2024 'கைண்ட்ஸ் ஆஃப் கைண்ட்னஸ்'ல ஃபிலிப்பு திரும்ப வந்தாரு, பழைய கசப்பும் வந்துச்சு. எனக்கு அந்த கசப்புதான் புடிக்கும். ஒங்க குரூப்புல எழுதுறது யாரு?

பண்டாரவளை_சேர்:
லேசா எறங்குனா மட்டமா? ஃபேவரிட்டுக்கு 10 ஆஸ்கார் நாமினேஷன், ஒலிவியா கோல்மன் நடிப்புக்கே ஒருக்கா பார்க்கலாம். ஆனா கூட்டாளி விஷயம் சரிதான். எடிட்டர் மவ்ரோப்சாரிடிஸ் கினெட்டால இருந்து கூடவே வாறாரு. அத்தினா ரேச்சல் சங்காரின்னு இன்னொரு டைரக்டர், கினெட்டா, ஆல்ப்ஸ் ரெண்டுக்கும் தயாரிப்பு அவங்க, அவங்களோட 2010 'ஆட்டன்பெர்க்'ல லாந்திமோஸ் நடிச்சிருக்காரு. ஆல்ப்ஸ் வந்த நேரம் கிரீஸ் கடன்ல மூழ்கி கெடந்துச்சு, நம்ம இலங்கை 2022ல கெடந்த மாதிரின்னு வச்சிக்கங்க. அப்பவும் ஆளுக்காள் ஒத்தாச பண்ணி படம் எடுத்தாங்க.

கொட்டகலை_கேமரா:
ரொம்ப நன்றி சேர், அக்கா, மழை அண்ணே. எழுதுறது என் தங்கச்சிதான், ஏ எல் (உயர்தர) சோதனை முடியிற வரைக்கும் அவகிட்ட வாய தொறக்க ஏலாது. அதுக்குள்ள டாக்டூத்தும் ஆட்டன்பெர்க்கும் பார்த்துடுறோம், சப்டைட்டில் யார்கிட்டயாச்சும் இருந்தா சொல்லுங்க.