ஓய்வுபெற்ற எஸ்.ஐ. ஆவணப்படம் எடுக்கணும், எங்கே தொடங்கணும்?

பொருநைக்கரை:
எங்க பெரியப்பா காவல்துறையில எஸ்.ஐ.யா இருந்து ஓய்வு பெற்றவங்க. பத்தமடைப் பாய் நெசவு பற்றி 20 நிமிட ஆவணப்படம் எடுக்கணும்னு உறுதியா இருக்காங்க. அடுத்ததா, அவங்க விசாரிச்ச பழைய வழக்கு ஒண்ணையும் படமாக்க ஆசை. 4கே கேமராவும் டிரைபாடும் இருக்கு. வேற என்ன வாங்கணும்? எதுல கவனமா இருக்கணும்?

ஒலிப்பெட்டி:
அண்ணாச்சி, லென்ஸ் வேண்டாம், காசை மைக்குல போடுங்க. படம் கொஞ்சம் மங்கினா பொறுத்துக்குவாங்க, பேச்சு புரியலைன்னா எழுந்து போயிருவாங்க. லேப்பல் மைக்கை வாயிலிருந்து ஒரு சாண் தள்ளி நெஞ்சுல குத்துங்க; ஒலி மீட்டர்ல உச்ச அளவு மைனஸ் 12 டெசிபல்ல நிக்கட்டும். பேட்டி நேரத்துல ஃபேனை நிறுத்திரணும். அந்த இரைச்சலைப் பிறகு எடிட்டிங்ல எடுத்தா குரலும் சேர்ந்து தேயும். ஆடிக் காத்துல ஆத்தங்கரையில எடுக்கிறதா இருந்தா மைக்குக்கு ரோம உறை இல்லாம முடியாது.

வீட்டுக்குள்ள டியூப்லைட் வெளிச்சம் படத்துல பட்டை பட்டையா ஓடும். நம்ம கரண்ட் 50 ஹெர்ட்ஸ். விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 விநாடின்னு வச்சா பெரும்பாலும் நின்னுரும். விநாடிக்கு 100 மெகாபிட் அளவுல பதிவு பண்ணா மணிக்கு 45 ஜிபி ஆகும். அன்னைக்கு ராத்திரியே ரெண்டு டிஸ்க்ல ஏத்தி, ஓட்டிப் பார்த்த பிறகுதான் கார்டை அழிக்கணும்.

தாழையூத்து:
பெரியப்பாவுக்குச் சிரமம் கேள்வியிலதான் வரும். போலீஸ் விசாரணையில, தெரிஞ்ச விஷயத்தை உறுதிப்படுத்தக் கேக்குறது வழக்கம். அதே பழக்கத்துல, பாய் நெய்யுற கோரைப்புல்லைப் பத்தி இப்படிக் கேட்டா: “நீங்கதானே கோரையை ஊறப் போட்டீங்க?” பதில் “ஆமா”ன்னு முடிஞ்சுரும், அதை எடிட்டிங்ல எங்கேயும் வைக்க முடியாது. “கோரை பதமா ஊறிருச்சுன்னு எப்படித் தெரியும், சொல்லுங்கம்மா”ன்னு கேட்டா முழு வாக்கியமா வரும். பதில் முடிஞ்சதும் 5 விநாடி வாயைத் திறக்கக் கூடாது. மனசுல உள்ளது அந்த இடைவெளியிலதான் வெளியே வரும்.

தறி தரையோடு இருக்கு. எதிர்ல நாற்காலி போட்டு உக்காந்தா அது ஸ்டேஷன் ஆயிரும், தரையிலேயே உக்காரணும். போலீஸ்ல இருந்தவங்கன்னு மறைக்காம முதல்லயே சொல்லிரணும். இஷ்டமில்லாதவங்களை வற்புறுத்தவே கூடாது. நெய்யிறவங்க பெரும்பாலும் பெண்கள்ங்கிறதால குழுவுல ஒரு பெண் அவசியம்.

கோரையை அறுத்து, காயவச்சு, ஊறவச்சு, கீறி, சாயம் ஏத்தின பிறகுதான் தறிக்குப் போகும். ஒரே நாள்ல எல்லாம் கிடைக்காது, தேதியை நெசவாளர்கிட்ட கேட்டு வகுத்துக்கோங்க. ஒவ்வொரு கட்டத்துலயும் கை மட்டும், ஆள் முழுசா, வீடு மொத்தமும்னு மூணு அளவுல எடுங்க. ஒண்ணொண்ணும் 10 விநாடிக்குக் குறையாம இருக்கணும்.

கொக்கிரகுளம்:
வழக்குப் படத்துக்கு வர்றேன். கேஸ் டைரி, அதாவது விசாரிக்கிற அதிகாரி எழுதுற வழக்கு நாட்குறிப்பு, நகல் வீட்டுல இருந்தாலும் அது பெரியப்பாவோட சொத்து இல்ல, கேமராவுல காட்டவே கூடாது. தீர்ப்போட சான்றிட்ட நகலைக் கோர்ட்டுல மனுப் போட்டு வாங்கி, அதுல உள்ளதை மட்டும் ஆதாரமா வைங்க. போலீஸ்கிட்ட கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம், பொருளைக் கண்டெடுக்க வழிகாட்டின பகுதி தவிர, சாட்சியமா ஏறாது. படத்துல மட்டும் அதை உண்மைன்னு வைக்கலாமா? விடுதலையான ஆளைக் குற்றவாளியாக் காட்டினா அவதூறு வழக்கு வரும்.

பாலியல் வழக்குன்னா பாதிக்கப்பட்டவங்க அடையாளத்தை வெளியிடுறது பாரதிய நியாய சன்ஹிதா (இ.பி.கோ.வுக்குப் பதிலா வந்த சட்டம்) 72ஆம் பிரிவுப்படி குற்றம், 2 ஆண்டு வரை சிறை. முகத்தை மங்கலாக்கினா போதாது. தெருவும் பள்ளிக்கூடமும்கூட அடையாளம்தான். மேல்முறையீடு நிலுவையில இருந்தா, முடியிற வரை அந்த வழக்கைத் தொடாதீங்க.