மறு: 'ஃபீல்ட் பிளாங்க்' என்பதற்குத் தமிழ்ச்சொல்: சாட்சிநீர்

குழும அன்பர்களுக்கு வணக்கம்.

பி.எஃப்.ஏ.எஸ். எனப்படும் புளோரின் சேர்மங்கள் நீரில் கலந்துள்ளனவா என்று அறிய மாதிரி எடுப்போருக்கான கையேட்டில், 'ஃபீல்ட் பிளாங்க்' என்பதை 'வெற்று மாதிரி' என்றே எழுதிவிடலாம் என முந்தைய மடல்களில் பலர் இசைந்திருக்கிறீர்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை.

களத்தில் நடப்பதைப் பாருங்கள். குடிநீர்ச் சோதனைக்கு ஆய்வகம் தரும் பெட்டியில், மாதிரிக் குப்பிகளோடு வேறு இரண்டு குப்பிகளும் இருக்கும். ஒன்றில் இச்சேர்மங்கள் இல்லையென்று உறுதிசெய்யப்பட்ட நீர் நிரம்பியிருக்கும், மற்றது காலி. மாதிரி எடுக்கும் இடத்திலேயே முதற்குப்பியைத் திறந்து, அந்நீரை இரண்டாவதில் ஊற்றி மூடி, மாதிரிகளோடு சேர்த்தே திருப்பி அனுப்ப வேண்டும். இப்படி ஊற்றி அனுப்பும் நீர்தான் 'ஃபீல்ட் பிளாங்க்'. 'வெற்று மாதிரியை அனுப்புக' என்று படிக்கும் தன்னார்வலர் காலிக் குப்பியைத்தான் அனுப்புவார். அவரைக் குறைசொல்ல முடியாது. சொல் அப்படித்தான் சொல்கிறது.

இந்தப் பிழை சிறியதன்று. அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 2024 ஏப்ரலில், இச்சேர்மங்களுள் பி.எஃப்.ஓ.ஏ., பி.எஃப்.ஓ.எஸ். ஆகிய ஒவ்வொன்றுக்கும் குடிநீரில் விதித்த வரம்பு லிட்டருக்கு 4 நானோகிராம், அதாவது லட்சம் கோடியில் 4 பங்கு. இத்தனை நுண்ணிய அளவைத் தேடும்போது, மழைக்கோட்டின் மேற்பூச்சோ, குழாய் இணைப்பில் சுற்றிய டெஃப்லான் டேப்போ, எடுப்பவர் பூசிய முகப்பூச்சோகூட முடிவைக் கெடுத்துவிடலாம். கெட்டது ஆறா, எடுத்தவர் கையா என்று பிரித்துச் சொல்ல உதவுவது அந்த ஒரு குப்பி நீர்தான். குடிநீரில் இச்சேர்மங்களை அளக்க அம்முகமை வகுத்த 537.1 முறைப்படி, மாதிரியில் தென்பட்ட சேர்மம் இந்நீரிலும் குறைந்தபட்ச அறிக்கை அளவின் (ஆய்வகம் முடிவாக அறிவிக்கக்கூடிய மிகக் குறைந்த அளவின்) மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இருந்தால், அந்நீருடன் எடுத்த மாதிரிகள் செல்லாதவை. திரும்பவும் எடுத்தாக வேண்டும்.

ஆகவே, அங்கே நடந்ததை உடனிருந்து சொல்லும் நீர் என்ற பொருள் பெயரிலேயே தெரிய வேண்டும். ஆசிரியை அம்மா முன்வைத்த 'சான்றுநீர்' இதனால் எனக்கு மிகவும் பிடித்தது. தூய தமிழ், ஒலியும் நன்று. ஆனால் கேன்களில் விற்கும் தரச்சான்று பெற்ற குடிநீர் நினைவுக்கு வருவதைத் தவிர்க்க முடியவில்லை. 'சாட்சிநீர்' என்றால் அந்தக் குழப்பம் இல்லை. சாட்சி வடசொல் வழி வந்தது என்ற மறுப்பு எழும் என்பதை அறிவேன். எனினும் மணக்கடவில் தமிழக எல்லை கடந்து கேரளத்தின் மூலத்தறைக்கு வரும் ஆழியாற்று நீரைச் சோதிக்க நாங்கள் இறங்கினால், கொழிஞ்சாம்பாறைத் தமிழரும் சித்தூர் மலையாளிகளும் ஒரே பெட்டியைத்தான் தூக்கிச் செல்வோம். சாட்சி என்ற சொல் இருவர் வீட்டிலும் புழங்குவது. யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. எல்லையோரத்தில் வாழ்பவன் என்ற முறையில் இதைப் பெரிதாகவே கருதுகிறேன்.

இச்சொல்லிலிருந்து உடன்சொற்களும் எளிதில் கிளைக்கின்றன. களத்தில் திறப்பது களச்சாட்சிநீர். திறக்காமலே பெட்டியில் போய்த் திரும்புவது வழிச்சாட்சிநீர். கழுவிய கருவியின்மேல் ஊற்றிப் பிடிப்பது கருவிச்சாட்சிநீர். மண் மாதிரிக்கு 'நீர்' பொருந்துமா என நண்பர் கேட்டிருந்தார். மண்ணை அள்ளும் கரண்டியையும் நீர் ஊற்றித்தான் சோதிக்கிறோம் என்பதால் பொருந்தும்.

குப்பி ஒட்டுச்சீட்டில் 'க.சா.', 'வ.சா.', 'கரு.சா.' என்று சுருக்கி எழுதலாம் என்பது என் முன்மொழிவு. களச்சாட்சிநீரும் கருவிச்சாட்சிநீரும் ககரத்தில் தொடங்குவதால் மூன்றாவதை மட்டும் 'கரு' என நீட்டியுள்ளேன். இதைவிடத் தெளிவான சுருக்கம் தோன்றினால் தெரிவியுங்கள்.

அன்புடன்,
கொழிஞ்சாம்பாறையிலிருந்து