கடலோர ஓவியக்கூடம்: படங்களில் பழுப்புப் புள்ளிகள்

புதுவை மகள்:
அப்பா புதுச்சேரியில் நடத்திவந்த சிறிய ஓவியக்கூடத்தை இப்போது நான் கவனிக்கிறேன். கடலுக்கு இரண்டு தெரு தள்ளி, இரண்டே அறைகள். காலையில் கதவு திறந்து பெருக்கும் அக்கா, நான், வியாழன்தோறும் வந்து ஒரே படத்தின் முன் அரைமணி நேரம் நின்றுவிட்டுப் போகும் ஓய்வுபெற்ற ஆசிரியர். ஐப்பசி மழைக்குப் பிறகு, ஓதம் ஏறிய கிழக்குச் சுவரில் இருக்கும் நீர்வண்ணப் படங்களில் பழுப்புப் புள்ளிகள் தெரிகின்றன. துடைக்கலாமா? வெயிலில் காயவைக்கலாமா? அந்த ஆசிரியரின் படத்திலும் ஒரு புள்ளி விழுந்துவிட்டது.

பிரேம் கடைக்காரர், சென்னை:
இரண்டையும் செய்யாதீர்கள் அம்மா! ஈரத்துணி பட்டால் நீர்வண்ணம் கரையும். வெயிலில் வெளுக்கும், போன நிறம் திரும்பாது. முப்பது ஆண்டுகளாகச் சட்டம் போடுகிறேன். கடலோரப் படங்களைப் பிரித்தால் பெரும்பாலும் ஒரே காட்சிதான்: காகிதம் கண்ணாடியோடு ஒட்டியிருக்கும், பின்னால் மலிவான அட்டை, துருப்பிடித்த ஆணி. முதலில் அந்தச் சுவரிலிருந்து இறக்குங்கள். அமிலம் இல்லாத மவுண்ட் அட்டை, அதாவது படம் தெரிய நடுவில் வெட்டிய அட்டை, வைத்தால் கண்ணாடி காகிதத்தைத் தொடாது. சட்டத்தின் பின்புறம் மூலைக்கு ஒரு கார்க் துண்டு ஒட்டுங்கள், சுவருக்கும் படத்துக்கும் நடுவே காற்று ஓடும். விழுந்த புள்ளியை மட்டும் காகிதம் பழுதுபார்க்கத் தெரிந்தவரிடமே கொடுங்கள்.

புதுவை மகள்:
ஒன்றைப் பிரித்தேன் ஐயா. அப்பா பின்னால் செய்தித்தாளை மடித்து வைத்திருக்கிறார். நாற்பது படங்களுக்கும் புதுச் சட்டம் போட என்னிடம் பணமில்லை.

பிரேம் கடைக்காரர், சென்னை:
செய்தித்தாளை உடனே எடுத்துவிடுங்கள், அதன் அமிலம் ஓவியத்தாளையும் பழுப்பாக்கும். சட்டம் பழையதே போதும். அட்டையை மாற்றினால் முக்கால் வேலை முடிந்தது. நீர்வண்ணப் படங்கள் முதலில், எண்ணெய் ஓவியங்கள் பிறகு.

ஓவிய ஆசிரியை:
பணத்துக்கு ஒரு வழி, தங்கையே. 1966இல் கே.சி.எஸ். பணிக்கரும் மற்ற ஓவியர்களும் சென்னை அருகே ஈஞ்சம்பாக்கத்தில் சோழமண்டலம் கலைஞர் கிராமத்தை அமைத்தபோது, மெழுகிட்டுச் சாயமேற்றிய பாத்திக் துணிகளும் கைவினைப் பொருள்களும் விற்ற வருமானம்தான் கைகொடுத்தது. உங்கள் ஓவியர்களின் சம்மதத்தோடு சிறு அஞ்சலட்டைகள் அச்சிட்டு வாசலில் வையுங்கள். படம் வாங்க முடியாதவர்களும் ஒன்றை எடுத்துப்போவார்கள்.

புதுவை மகள்:
அக்காவும் நானும் இன்று இரவே தொடங்குகிறோம். முதலில் ஆசிரியரின் படம். வியாழனுக்குள் அது சுவருக்குத் திரும்பிவிட வேண்டும், மேற்குச் சுவருக்கு.