பிரிட்டிஷ் நடிகை நோவா பில்பீம் ஏன் இருபத்தெட்டு வயதிலேயே நடிப்பை விட்டார்?

கேள்வி:
ஆல்ஃப்ரெட் ஹிட்ச்காக் 1937-இல் இயக்கிய 'யங் அண்ட் இன்னசன்ட்' படத்தை அண்மையில் பார்த்தேன். கொலைப்பழி சுமந்து தலைமறைவாகத் திரியும் இளைஞனை முதலில் நம்பாமல், பிறகு காவல்துறை உயர் அதிகாரியான தன் தந்தையையும் மீறி அவனுக்குத் துணை நிற்கும் பெண்ணாக நோவா பில்பீம் நடித்திருக்கிறார். பழைய சுரங்கத்தில் தரை உள்வாங்கிக் கார் புதையும்போது, அவன் நீட்டும் கையை எட்டிப் பிடிக்க அவர் தவிக்கும் தவிப்பு இன்னும் கண்ணில் நிற்கிறது. அப்போது அவருக்குப் பதினேழு வயதுதான். இத்தகைய நடிகை 1948-க்குப் பிறகு திரையில் தோன்றவே இல்லை என்று அறிந்து வருந்தினேன். காரணம் தெரிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி 1:
கணவரின் இழப்பே முதன்மைக் காரணம் என்று கருதுகிறேன். ஹிட்ச்காக்கிடம் உதவி இயக்குநராக இருந்த பென் டென்னிசனை அவர் 1939-இல் மணந்தார். கவிஞர் டென்னிசனின் கொள்ளுப்பேரனான அவர், பால் ரோப்சன் நடித்த 'தி பிரவுட் வேலி' உட்பட மூன்று படங்களை இயக்கிவிட்டுக் கடற்படையில் பணியாற்றியபோது, 1941-இல் விமான விபத்தில் இறந்தார். நோவாவுக்கு அப்போது வயது இருபத்தொன்று.

மறுமொழி 2:
அந்தத் துயரத்தைக் குறைத்து மதிப்பிட மாட்டேன். ஆனால் அதன் பிறகும் அவர் ஏழு ஆண்டுகள் நடித்தார் என்பதை மறக்கக் கூடாது. வாய் தவறிச் சொல்லும் ஒரு சொல் போரில் எத்தனை உயிர்களைக் காவு வாங்கும் என்று படைவீரர்களுக்கு உணர்த்த எடுக்கப்பட்ட 'தி நெக்ஸ்ட் ஆஃப் கின்' (1942), கவிஞர் டிலன் தாமஸ் திரைக்கதையில் பங்கேற்ற 'தி திரீ வியர்டு சிஸ்டர்ஸ்' (1948) ஆகியவை அக்காலத்தவை. அவருடைய ஆற்றலுக்கு ஈடான வேடங்கள் மட்டும் வரவில்லை. ஹிட்ச்காக் இயக்கிய 'ரெபெக்கா' படத்தின் நாயகியாக அவரையே நடிக்க வைக்கத் தயாரிப்பாளர் செல்ஸ்னிக் எண்ணினார். நெடுங்கால ஒப்பந்தத்தில் நோவாவின் முகவர் தயங்கினார், ஹிட்ச்காக்கும் ஆர்வம் காட்டவில்லை. வேடம் ஜோன் ஃபான்டெய்னுக்குப் போயிற்று. என் பார்வையில் அவருடைய திரைவாழ்வு திசைமாறிய இடம் அதுவே.

மறுமொழி 3:
கேள்வி கேட்டவர் 'டியூடர் ரோஸ்' (1936) படத்தையும் தவறாமல் பார்க்க வேண்டும். இங்கிலாந்தில் ஒன்பது நாள் அரசியாக இருந்து, பின்னர் தலை வெட்டப்பட்ட ஜேன் கிரேயாக அவர் நடித்தது அதில்தான். பெரியவர்களின் அதிகாரப் பசிக்குப் பலியாகும் சிறுமியை, இரக்கத்தைக் கெஞ்சாமல், நிமிர்ந்த கழுத்தோடு காட்டியிருப்பார். 1950-இல் பிபிசி வானொலிச் செய்தியாளர் ஒருவரை மணந்து அமைதியான வாழ்க்கைக்குத் திரும்பிய அவர், 2015-இல் 95-ஆம் வயதில் காலமானார்.

கேள்வி கேட்டவர்:
மூவருக்கும் நன்றி. 'டியூடர் ரோஸ்' படத்தை இந்த வாரமே தேடிப் பார்க்கிறேன்.