அப்பாரு தோட்டம் குடும்பக் குழு: மஞ்சள் காட்டில் நட்ட கல்

சித்தப்பா, காலை 6:12
(படம்)
கிழக்குக் காட்டைப் பாருங்கள். ராத்திரியோடு ராத்திரியாக நாலு கல் நட்டிருக்கிறார்கள். நம் வரப்புக்கு உள்ளே எட்டடி. இரண்டு இடத்தில் சொட்டுநீர்க் குழாயையும் அறுத்துவிட்டார்கள்.

திருப்பூர் அத்தை, 6:15
அட கடவுளே! பங்காளி வீட்டுக்காரர்களா?

சித்தப்பா, 6:16
வேறு யார். அளந்தால் அவர்களுக்கு வருமாம். போன வாரமே போனில் மிரட்டினார்கள்.

சின்னத்தம்பி, 6:20
அப்பா, ஒன்பது மணிக்கு பசங்களோடு டிராக்டரில் வருகிறேன். சங்கிலி போட்டு இழுத்தால் பத்து நிமிஷ வேலை.

வக்கீல் அக்கா, 6:24
தம்பி, கல்லைத் தொடாதே. யாரும் தொடாதீர்கள். இந்த நிமிஷம் தப்பு முழுக்க அவர்கள் பக்கம். நீ ஆட்களோடு போய் நின்றால் மதியத்துக்குள் அது இரு தரப்பு மோதலாகிவிடும், இரு தரப்பு மீதும் வழக்கு வரும்.

பெரியப்பா, 6:31
நம் நிலத்தில் நட்ட கல்லைப் பிடுங்க யாரைக் கேட்க வேண்டும் கண்ணு? பட்டா நம் பேரில் இருக்கிறதே.

வக்கீல் அக்கா, 6:38
அப்பா, பட்டா மட்டும் வைத்து உரிமையை முடிவு செய்ய மாட்டார்கள். அதைச் சிவில் கோர்ட்தான் சொல்ல வேண்டும். இன்றைக்கு நமக்கு வேண்டியது, கை கலக்காமல் நிறுத்துவதும் மஞ்சள் காடு நம் அனுபவத்தில், அதாவது நம் கைவசம், இருப்பதை எழுத்தில் ஏற்றுவதும்.
சித்தப்பா, இன்றே ஸ்டேஷனில் மனு கொடுங்கள். குழாயை அறுத்தது தனிக் குற்றம், அதை முதலில் எழுதுங்கள். மிரட்டியவர்கள் மீது 126 நடவடிக்கை, அதாவது அமைதி காக்கப் பிணை எழுதி வாங்கும் பிரிவில் நடவடிக்கை, வேண்டும் என்றும் கேளுங்கள். மனுவைப் பெற்றதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்காமல் வராதீர்கள். மனு நகலைக் கோட்டாட்சியர் அலுவலகத்தில் கொடுத்து முத்திரை வாங்குங்கள்.

நான், 6:41
126 என்றால் பழைய 107-தானே?

வக்கீல் அக்கா, 6:47
ஆமாம். 2024 ஜூலை 1 முதல் குற்றவியல் நடைமுறைக்குப் புதுச் சட்டம் (பி.என்.எஸ்.எஸ்.), பிரிவு எண்கள் மாறிவிட்டன. 107 இப்போது 126. நிலத் தகராறுக்கான 145 இப்போது 164. ஸ்டேஷனில் இன்னும் பழைய எண்ணையே சொல்வார்கள், குழம்ப வேண்டாம்.
126-இல் முதலில் விளக்கம் கேட்டு நோட்டீஸ் வரும். விசாரித்துவிட்டு, அமைதியாக இருப்பேன் என்று பிணைப்பத்திரம் எழுதி வாங்குவார்கள். அதிகபட்சம் ஒரு வருஷம்.

சின்னத்தம்பி, 6:50
அக்கா, நமக்கும் நோட்டீஸ் வருமா? நான் எஸ்.ஐ. தேர்வுக்குப் படிக்கிறேன்.

வக்கீல் அக்கா, 6:53
வரலாம். பல இடங்களில் இரு தரப்புக்கும் அனுப்பிவிடுகிறார்கள். அது தண்டனை இல்லை. ஆனால் டிராக்டர் கதை வேறு, அதில் எஃப்.ஐ.ஆரே வரும். நீ இன்று ஊருக்கே வர வேண்டாம்.

பெரியப்பா, 7:05
145 போட்டால் கோட்டாட்சியரே முடித்துவிடுவார் என்கிறார் பக்கத்துத் தோட்டத்துக்காரர்.

வக்கீல் அக்கா, 7:18
இதைக் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.
164-இல் நிலம் யாருடையது என்று பார்க்கவே மாட்டார்கள். உத்தரவு போடும் தேதியில் யார் அனுபவத்தில் இருந்தது என்பது மட்டும்தான் விசாரணை. யார் என்று தீர்மானிக்க முடியவில்லை என்றாலோ நிலைமை அவசரம் என்று பட்டாலோ 165-இல் நிலத்தை ஜப்தி செய்யலாம். அந்தச் சட்டத்தில் நிலம் என்றால் நிற்கிற பயிரும் சேர்த்தி. அழுகும் பயிரை விற்கச் சொல்லவும் அதிகாரம் உண்டு. தை மாசம் வெட்ட வேண்டிய மஞ்சளை நாமே கொண்டுபோய் அதில் மாட்டிவிடுவதா? எட்டடிக்காக இரண்டு ஏக்கரா?
அதனால் என் யோசனை, இப்போதைக்கு 126. கூடவே முன்சீப் கோர்ட்டில் தடையாணை கேட்டு வழக்கு. சிவில் கோர்ட்டில் அனுபவம் பற்றிய வழக்கு நடக்கும்போது 145-ஐ இணையாக ஓட்டக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் முன்பே சொல்லியிருக்கிறது. இரண்டு குதிரையில் ஏற வேண்டாம்.

திருப்பூர் அத்தை, 7:22
அதற்குள் வேலி போட்டு உள்ளே புகுந்துவிட்டால்?

வக்கீல் அக்கா, 7:29
112-க்குக் கூப்பிடுங்கள் அத்தை, கை நீட்ட வேண்டாம். அடாவடியாக வெளியேற்றினால் இரண்டு மாசத்துக்குள் தகவல் மாஜிஸ்திரேட் கையில், நம் விஷயத்தில் கோட்டாட்சியர் கையில், கிடைக்க வேண்டும். அப்போதுதான் 164-இல் நாம் அனுபவத்தில் இருந்ததாகவே எடுத்துக்கொள்ள முடியும். சிவில் கோர்ட்டில் ஆறு மாசத்துக்குள் போட்டால், உரிமையை நிரூபிக்காமலே அனுபவத்தைத் திரும்பக் கேட்கலாம். பெரியவர்கள் பேசி முடிப்போம் என்று இழுத்தே நிறையப் பேர் இந்தக் கெடுவை விட்டுவிடுகிறார்கள்.

பெரியப்பா, 7:34
ஊர்ப் பெரியவர்களிடம் பேசவே கூடாதா?

வக்கீல் அக்கா, 7:36
தாராளமாகப் பேசுங்கள் அப்பா. மனு கொடுத்துவிட்டுப் பேசுங்கள்.
இன்னொன்று. தாசில்தார் சமாதானக் கூட்டத்துக்குக் கூப்பிட்டால் கட்டாயம் போக வேண்டும். ஆனால் "முடிவு வரும் வரை இரு தரப்பும் நிலத்தில் இறங்க மாட்டோம்" என்ற வரி இருந்தால் சித்தப்பா கையெழுத்துப் போடக் கூடாது. தண்ணீர் கட்டக்கூட இறங்க முடியாது. "நிற்கும் பயிரை இப்போது அனுபவத்தில் இருப்பவரே பராமரித்து அறுவடை செய்யலாம்" என்று எழுதச் சொல்லுங்கள்.

சித்தப்பா, 7:40
சரி கண்ணு. என்னென்ன எடுக்க வேண்டும்?

வக்கீல் அக்கா, 7:44
வி.ஏ.ஓ.விடம் அடங்கல் (யார் என்ன பயிர் செய்கிறார் என்ற கிராமக் கணக்கு) நகல், முடிந்தவரை பழைய வருஷங்களுக்கும் சேர்த்து. கிணற்று மின் இணைப்பு அட்டை. சொட்டுநீர் மானியக் கோப்பு, அதில் சர்வே எண்ணும் உங்கள் பெயரும் இருக்கும், நல்ல சாட்சி. அறுத்த குழாயை மாற்றும் முன் வரப்போடு சேர்த்துப் படம் எடுங்கள். மிரட்டல் பேச்சுப் பதிவை யாரும் அழிக்காதீர்கள். சர்வேயர் அளவைக்கும் பணம் கட்டிவிடுவோம்.

சின்னத்தம்பி, 7:46
சரி அக்கா. பசங்களிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

சித்தப்பா, மாலை 4:55
(படம்)
ரசீது கிடைத்தது. முதலில் பேசி அனுப்பிவிடப் பார்த்தார்கள். உட்கார்ந்தே இருந்தேன், கொடுத்துவிட்டார்கள்.

வக்கீல் அக்கா, 4:58
நல்லது சித்தப்பா. எண் மங்கலாக இருக்கிறது, வெளிச்சத்தில் இன்னொரு படம். நாளை காலை பத்தரைக்குக் கோட்டாட்சியர் அலுவலக வாசலில் நிற்கிறேன். மனு மூன்று நகல் வேண்டும்.

பெரியப்பா, 5:03
நானும் வருகிறேன். தாய்ப்பத்திரம் என் பீரோவில்தான் இருக்கிறது.

வக்கீல் அக்கா, 5:04
ஜெராக்ஸ் மட்டும் கொண்டு வாருங்கள் அப்பா. மூலப்பத்திரம் வீட்டிலேயே இருக்கட்டும்.