ஹர்லிங் ஆடறவங்களுக்கு நிஜமாவே சம்பளம் கிடையாதா?

மட்டைவீரன்: யூடியூப்ல ஆல் அயர்லாந்து ஹர்லிங் (மட்டையால பந்து அடிச்சு ஆடற அயர்லாந்து ஆட்டம்) பைனல் ஒண்ணு முழுசா பாத்தேன், டப்ளின் க்ரோக் பார்க்ல 82,000 பேருக்கு மேல உக்காரலாமாம், கூட்டம் நிரம்பி வழியுது, ஆனா ஆடற யாருக்குமே சம்பளம் இல்லைன்னு கமென்ட்ல போட்டிருக்காங்க. இவ்ளோ அடி வாங்கிட்டு சும்மாவா ஆடுவாங்க?

ஈரக்காத்து: நிஜம்தான் ப்ரோ. போக்குவரத்து செலவு, அரசாங்கம் குடுக்குற சின்ன கிராண்ட், பேர் வாங்குன ஆளுங்களுக்கு கொஞ்சம் விளம்பர காசு, அவ்ளோதான். டீச்சரு, விவசாயின்னு எல்லாருக்கும் வேற பொழப்பு இருக்கும். கிளப் பெரும்பாலும் ஒரு சர்ச் பங்குக்கு (ஒரு சர்ச்சுக்கு உட்பட்ட ஊர்ப்பகுதிக்கு) ஒண்ணு, சொந்த ஊர் கிளப்லதான் ஆடணும், அங்க நல்லா ஆடினா கவுண்டி (நம்ம மாவட்டம் மாதிரி) டீமுக்கு கூப்பிடுவாங்க, ஏலம் போட்டு ஆள் வாங்குற பேச்சுக்கே எடமில்ல. பைனல்ல கோப்பை தூக்குனவரே அடுத்த வாரம் ஊர் கிரவுண்ட்ல சின்னப் பசங்களுக்கு பந்து அடிக்க சொல்லித் தருவாரு. (கோச்சுங்களுக்கு மட்டும் மறைவா காசு போகுதுன்னு ரொம்ப நாளா ஒரு புகார் இருக்கு, அது தனிக் கதை.)

பழையகணக்கு: இதுல அரசியலும் சேந்தே இருக்கு. 1884ல தர்லஸ் ஊர்ல மைக்கேல் கியூசாக் எல்லாரும் சேந்து ஹர்லிங்கை நடத்துற ஜிஏஏ (கேலிக் அத்லெட்டிக் அசோசியேஷன்) சங்கத்தை ஆரம்பிச்சப்போ அங்க பிரிட்டிஷ் ஆட்சி. 1920 நவம்பர் 21 அன்னிக்கு க்ரோக் பார்க்ல கேலிக் ஃபுட்பால் (சாக்கர் இல்ல, அயர்லாந்தோட சொந்த ஃபுட்பால்) மேட்ச் நடக்கும்போதே பிரிட்டிஷ் படை புகுந்து சுட்டதுல 14 பேர் செத்தாங்க, அதுல டிப்பரரி கவுண்டி டீம் வீரர் மைக்கேல் ஹோகனும் ஒருத்தர், இப்போ ஒரு ஸ்டாண்டுக்கே அவர் பேருதான். அதுக்காக எல்லாமே சரின்னு சொல்ல மாட்டேன், 1938ல சாக்கர் மேட்ச் பாக்கப் போனதுக்காக நாட்டு ஜனாதிபதி டக்ளஸ் ஹைடையே சங்கத்தோட புரவலர் பதவிலேர்ந்து தூக்கிட்டாங்க, சாக்கர் மாதிரி வெளிநாட்டு ஆட்டத்தை சங்கத்து ஆளுங்க ஆடவோ பாக்கவோ கூடாதுங்கற அந்தத் தடை 1971 வரைக்கும் இருந்துச்சு.

மரவேலை: மட்டையைப் பத்தி யாரும் சொல்லலையே. ஆஷ் மரத்தோட அடிப்பாகத்துல, வேர் வளையுற எடத்தோட சேத்து வெட்டி எடுப்பாங்க, அப்போதான் மட்டை வளையுற பக்கமே மர ரேகையும் வளையும், சட்டுனு உடையாது. இப்போ பூஞ்சை நோய் வந்து ஆஷ் மரமெல்லாம் பட்டுப்போகுது, அதனால மூங்கில் மட்டை, பிளாஸ்டிக் மட்டைன்னு போறாங்க.

மட்டைவீரன்: சூப்பர், நன்றி. பொண்ணுங்க ஆடறதில்லையா?

ஈரக்காத்து: ஆடறாங்களே, கமோகின்னு பேரு, 1904லேர்ந்தே அதுக்கு தனி சங்கம் இருக்கு. அதுக்கும் ஆல் அயர்லாந்து பைனல் க்ரோக் பார்க்லதான், தேடிப் பாருங்க.